பத்தாயிரம் மைக்ரோகிராம்

வசந்தாமணியின் கையில் முப்பத்தெட்டாம் நம்பர் டோக்கன் இருந்தது. சுவரில் சிவப்பாக எரிந்த எண் இருபத்தொன்பது. ஆளுக்கு மூன்று நிமிஷம் என்றால் இன்னும் இருபத்தேழு நிமிஷம், நடுவில் நரம்பு அகப்படாத குழந்தையோ ஊசியைக் கண்டதும் கண்ணைச் செருகும் மீசைக்காரரோ வந்தால் அரை மணி, அதற்குள் ஒரு முடிவுக்கு வந்தாக வேண்டும், வாயைத் திறப்பதா இல்லையா என்று. மூன்று மாசமாக வராத முடிவு அரை மணியில் வந்துவிடுமாக்கும். சித்திரை பிறந்து பத்து நாள், காலை ஏழேகாலுக்கே கோபியில் கழுத்தில் வேர்வை வழிகிறது, வந்தவர்கள் எல்லாம் மின்விசிறிக்குக் கீழே இடம் பிடிக்க முண்டுகிறார்கள், அவள் மட்டும் சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு காற்றுப் படாத மூலையில் உட்கார்ந்திருந்தாள். குளிர். எலும்புக்குள் குளிர். பக்கத்து நாற்காலிக்காரி, முப்பத்தைந்து வயசிருக்கும், பச்சைப் புடவை, "ஏனுங்க, காய்ச்சலுங்களா?" என்றாள். "இல்லீங்க, சும்மாதான்" என்று சொன்ன குரல் வசந்தாமணிக்கே யாருடையதோ போலக் கேட்டது, தடித்து, இழுத்துக்கொண்டு. இருபத்திரண்டு வருஷம் நாற்பது பிள்ளைகளுக்கு மேல் இருக்கும் வகுப்பில் கடைசி பெஞ்சு வரை கேட்ட குரல். சும்மா. எத்தனை சும்மா சொல்லியாயிற்று. மாத்திரை ஏதாவது சாப்பிடறீங்களா, இல்லீங்க டாக்டர். சத்து மாத்திரை, நாட்டு மருந்து? இல்லீங்க. மூன்று தடவை கேட்டார் கோயமுத்தூர் டாக்டர், மூன்று தடவையும் இல்லீங்க. மூன்றாம் தடவை சொல்லும்போது மடியில் இருந்த கைப்பைக்குள் அந்தப் புட்டி லொடலொடவென்று சத்தம் போட்டது, அவள் பையை முழங்கையால் அமுக்கிக்கொண்டாள். இப்போதும் அமுக்கிக்கொண்டுதான் இருக்கிறாள்.

எதிரே நீலத் திரை. திரைக்குப் பின்னால்தான் ரத்தம் எடுக்கிறார்கள். திரையைப் பார்க்கக் கூடாது என்றே பக்கவாட்டு நாற்காலியாகப் பார்த்து உட்கார்ந்தாள், ஆனால் வாசல் கண்ணாடிக் கதவில் திரை அப்படியே தெரிகிறது, திரைக்குக் கீழே வெள்ளைச் செருப்புப் போட்ட இரண்டு பாதங்களும் தெரிகின்றன. கோகிலவாணியின் பாதங்கள். அவளிடம் படித்த பிள்ளை. பன்னிரண்டாம் வகுப்பில் இரண்டாவது வரிசை, ஜன்னல் ஓரம், படம் நன்றாகப் போடுவாள். ஒருநாள் செல்லின் படம் பலகையில் போடச் சொன்னதற்கு அவள் செல்லைச் சுற்றிச் சின்னச் சின்னக் கைகள் வரைந்தாள். என்னடி இது என்றதற்கு, "ஹார்மோன் வந்தா வாங்கிக்கறதுக்கு மிஸ், ஏற்பி" என்றாள். வகுப்பு சிரித்தது. வசந்தாமணி சிரிக்கவில்லை, சரியாத்தான் போட்டிருக்கா என்றாள். ஹார்மோன் என்பது கடுதாசி, ரத்தத்தில் எல்லா வாசலுக்கும் போகும், ஆனால் வாங்கிக்கொள்ளக் கை நீட்டும் செல்லுக்குத்தான் சேரும். அதை அவள்தான் சொல்லிக்கொடுத்தாள். தொண்டையிலே தைராய்டு இருக்கு, அது ஒழுங்கா வேலை செய்யுதான்னு மூளைக்கு அடியிலே பிட்யூட்டரி உட்கார்ந்து பார்த்துக்கிட்டே இருக்கு, குறைஞ்சா தூண்டும், கூடினா வாயை மூடிக்கும். பிள்ளைங்களா, ஓயாம கத்திக்கிட்டே இருந்தா செல்லு என்ன பண்ணும் தெரியுமா, வெளியே நீட்டின கையெல்லாம் உள்ளே இழுத்துக்கும். அப்புறம் நீங்க என்ன கத்தினாலும் அதுக்குக் கேட்காது. எவ்வளவு அழகாகச் சொல்லியிருக்கிறாள். சொல்ல மட்டும் நன்றாக வருகிறது. எண் முப்பத்தொன்றுக்கு மாறியது, மணி அடித்தது, ஒரு பெரியவர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு எழுந்து போனார்.

தை மாசம், இதே திரை. அன்றைக்குத் திரை பாதி திறந்திருந்தது, பள்ளிக்கூடத்து டிரில் மாஸ்டர் உட்கார்ந்திருந்தார், ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தியின் அம்மா இருந்தாள், இன்னும் யாரோ இரண்டு பேர். கோகிலவாணி ரப்பர் பட்டையைக் கட்டிவிட்டு, நரம்பைத் தடவிக்கொண்டே, ரொம்பச் சாதாரணமாக, "மிஸ், முடி வளர்றதுக்கு ஏதாச்சும் மாத்திரை எடுத்துக்கறீங்களா? பயோட்டின் மாதிரி?" என்றாள். அவ்வளவுதான். சாப்பிட்டாச்சுங்களா என்று கேட்பதுபோல. வசந்தாமணிக்குக் காது மடல் சுட்டது. டிரில் மாஸ்டர் தன் தலையைத்தான் பார்க்கிறார், வகிடு அகன்றுபோய் உச்சியில் வெள்ளையாகத் தெரியும் அந்த ரூபாய் அகலத்தைத்தான் பார்க்கிறார் என்று பட்டது. பட்டதும் வாய் திறந்துகொண்டது. "என்ற தலையைப் பார்த்தா உனக்கு அப்படித் தெரியுதா? ஊசி போடற வேலையை மட்டும் பாரு. பன்னெண்டாவது பாஸ் பண்றதுக்கே எங்கிட்ட வந்து அழுதவ நீ, எனக்கு மருந்து சொல்ல வந்துட்டயா?" திரைக்கு வெளியே எல்லோருக்கும் கேட்டது. கோகிலவாணி தலை குனிந்து ஊசியைப் போட்டாள், வலிக்கக்கூட இல்லை, அதுதான் இன்னும் மோசம். அந்தப் பிள்ளை பாஸாக வேண்டும் என்று அழுததே கிடையாது. அப்பா செத்துப் பதினோராம் நாள் பள்ளிக்கூடத்துக்கு வந்து, ரெக்கார்டு நோட்டு எழுத முடியலீங்க மிஸ் என்று ஆய்வகத்தில் நின்று அழுதாள், வசந்தாமணிதான் தோளைத் தட்டி, எழுதிக்கலாம் கண்ணு என்று நாலு நாள் கூட உட்கார்ந்து எழுத வைத்தாள். செய்த நல்லது ஒன்றே ஒன்று. அதையும் எடுத்து அந்தப் பிள்ளையின் மூஞ்சியிலேயே வீசியாயிற்று. சால்வைக்குள் கை ஜில்லென்று இருந்தது. நினைக்கும்போதெல்லாம் ஏதாவது முனகத் தோன்றும், சில சமயம் முனகியும்விடுவாள், சமையலறையில் தனியாக நின்று, ச்சே என்று. பச்சைப் புடவைக்காரி திரும்பிப் பார்த்தாள். இப்போதும் முனகிவிட்டாள் போலிருக்கிறது.

முடி. கேவலம் இந்த முடி. சடை மிஸ் என்று பேர் அவளுக்கு, இடுப்புக்குக் கீழே ஒரு சாண், மணிக்கட்டுத் தடிமன். நாற்பத்தெட்டு வயசில் குளியலறைச் சல்லடையில் கையளவு சுருள் எடுத்துப் போடும்போது அழுகை வந்தது, அழுததும் வெட்கம் வந்தது, ஏனென்றால் அன்று காலைதான் பிரார்த்தனைக் கூட்டத்தில் ஒரு பிள்ளையின் பையிலிருந்து சிவப்பழகு கிரீமைப் பிடுங்கி எல்லோருக்கும் தூக்கிக் காட்டி, படிக்க வந்தீங்களா சினிமாவுக்கு வந்தீங்களா என்று கால்மணி நேரம் பேசியிருந்தாள். அப்படிப் பேசியவள் முடி மாத்திரைக்கு வீட்டு விலாசம் கொடுக்க முடியுமா, புருஷன் பார்த்தால் சிரிப்பார், சிரித்துவிட்டுத் தங்கச்சிக்கு போன் போட்டுச் சொல்லுவார். பள்ளிக்கூட விலாசம் கொடுத்தாள். ஆரஞ்சு மூடி போட்ட புட்டி, மேலே பெரிய எழுத்தில் பயோட்டின், பத்தாயிரம் மைக்ரோகிராம். ஆய்வக அலமாரியில் பார்மலினில் ஊறும் தவளைக்குப் பின்னால் வைத்தாள், யாரும் அந்தத் தவளைக்குப் பின்னால் கைவிட மாட்டார்கள். போன ஆடியிலிருந்து தினமும் பிரார்த்தனை முடிந்ததும் ஆய்வகத்துக்குள் நுழைந்து தவளையை நகர்த்தி ஒரு மாத்திரை. தவளை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தது. ஐப்பசியில் ஆசிரியர்களுக்கெல்லாம் ரத்தம் எடுத்தார்கள், அவளுக்குத் தைராய்டு எகிறிப்போய்க் கிடக்கிறது என்று வந்தது. ஒரு படபடப்பும் இல்லை, இளைப்பும் இல்லை, ஆனாலும் காகிதத்தில் இருக்கிறதே. டாக்டர் தைராய்டை அடக்க மாத்திரை கொடுத்தார். அடக்கியது. நன்றாகவே அடக்கியது. குளிர், தூக்கம், ஏழு கிலோ, குரல் தடிப்பு, அப்புறம் முடி, முன்னைவிட இரண்டு பங்கு. முடி கொட்டக் கொட்ட அவள் புட்டியைக் கைப்பைக்கு மாற்றிக்கொண்டு ஆரஞ்சு மூடியை நாளைக்கு இரண்டு தடவை திறந்தாள். அடுத்த ரிப்போர்ட்டில் இன்னும் எகிறல். டாக்டர் மருந்தை இரட்டிப்பாக்கினார். "உங்க உடம்பு ஒண்ணு சொல்லுது, ரிப்போர்ட் ஒண்ணு சொல்லுது, எனக்கே குழப்பமா இருக்கும்மா" என்றார் பாவம். குழப்பம் தீர்க்க வேண்டிய ஆள் எதிரே கைப்பையை அமுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தது அவருக்கு எப்படித் தெரியும்.

அவளுக்குத் தெரியும். அதுதான் தாங்கவில்லை. தெரியாமல் செய்ததென்றால் தெரியாமல் செய்தேன் என்று அழுதுவிட்டுப் போகலாம். கோகிலவாணி கேட்ட மூன்றாம் நாளே ஓய்வு பீரியடில் ஆசிரியர் அறையில் உட்கார்ந்து போனில் தேடிப் படித்துவிட்டாள். இயந்திரம் ஹார்மோனைக் கண்ணால் பார்ப்பதில்லை, பயோட்டினைப் பசை மாதிரி வைத்து அதைப் பிடித்து நிறுத்தித்தான் அளக்கிறது. ரத்தத்திலேயே பயோட்டின் வெள்ளமாக ஓடினால் பிடிக்கிற இடமெல்லாம் அதிலேயே அடைபட்டு, இருக்கிறதை இல்லை என்னும், இல்லாததை இருக்கிறது என்னும். அந்தப் பிள்ளை கேட்டது சரியான கேள்வி. பாடம் நடத்தியவளைவிட பாடம் கேட்டவளுக்குப் பாடம் நன்றாகப் புரிந்திருக்கிறது. உடனே போய்ச் சொல்லியிருக்கலாம். போனாளா? மாசியில் ரத்தம் கொடுக்கும் முன்னால் ஒரே ஒரு நாள் மாத்திரையை நிறுத்திப் பார்த்தாள், ரிப்போர்ட் மாறவில்லை, பாரு, என்மேல் தப்பில்லை என்று மனசு துள்ளியது. மூன்று நாளாவது நிறுத்த வேண்டும் என்று படித்தது கண்ணிலேயே இருந்தது, ஆனாலும் துள்ளியது. ஒரு மாணவி இப்படிச் சோதனை செய்து எழுதிக் கொண்டுவந்தால் சிவப்பு மையில் அடித்துத் திருப்பியிருப்பாள். இன்றைக்கு நாலாம் முறை. இதிலும் எகிறல் என்று வந்தால் வியாழக்கிழமை கதிரியக்க அயோடின். ஒரு குளிகை, தண்ணீரோடு முழுங்க வேண்டியது, அது நேராகத் தொண்டைக்குப் போய்ச் சுரப்பியைச் சுட்டுவிடும். ஒரு குற்றமும் செய்யாத சுரப்பி. அவள் வாய்க்கு நாலு விரல் கீழே, நாற்பத்தெட்டு வருஷமாகச் சத்தமில்லாமல் வேலை பார்க்கும் சுரப்பி. அவள் தொண்டையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். முப்பத்துநாலு என்று மணி அடித்தது.

இதில் ஒரு சந்து இருக்கிறது, நேற்றிலிருந்து அந்தச் சந்தில்தான் போய்ப் போய் வருகிறாள். இப்போதே எழுந்து, ஏனுங்க, மறந்தாப்ல காப்பி குடிச்சுட்டேன், அடுத்த வாரம் வரலாம் என்று சொன்னால் போதும். நாலு நாள் மாத்திரையை நிறுத்தினால் அடுத்த வாரம் ரிப்போர்ட் உண்மையைச் சொல்லும், மருந்து நிற்கும், சுரப்பி பிழைக்கும், ஒருத்தருக்கும் ஒன்றும் தெரியாது, தவளையைத் தவிர. சுத்தமான வழி. ஆனால் அந்தப் புகார்க் கடுதாசி? கணவர் சென்னியப்பன் பக்கத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார், காலை ஆட்டிக்கொண்டு. மின்வாரியத்தில் முப்பது வருஷம் மனு வாங்கி மனு வாங்கி, மனு எழுதுவதில் ஒரு ருசி அவருக்கு. தை மாசம் வீட்டுக்கு வந்து, அந்தப் பிள்ளை எல்லாருக்கு முன்னாலயும் என்னைக் கேவலப்படுத்திட்டா என்று இவள் சொன்னாள். என்ன கேட்டாள் என்று சொல்லவில்லை. "தனிப்பட்ட விஷயங்களைப் பற்றி அநாகரிகமாகக் கேள்வி கேட்டு மூத்த ஆசிரியை ஒருவரை மனவேதனைக்கு உள்ளாக்கினார்" என்று அவர் இங்கே மேனேஜருக்குப் புகார் எழுதினார், அடியில் அவள் கையெழுத்துப் போட்டாள். வைகாசியில் வேலை நிரந்தரம் ஆக வேண்டிய பிள்ளை. ஆகாது என்று காய்கறிக் கடையில் அவள் அம்மாவே சொன்னாள், வசந்தாமணியிடமே, "யாரோ புகார் எழுதிட்டாங்களாமா மிஸ், நீங்க ஒரு வார்த்தை மேனேஜர்கிட்டச் சொல்லுங்களேன்" என்று. யாரோ. கோகிலவாணி வீட்டில்கூட மிஸ் பேரைச் சொல்லவில்லை. வசந்தாமணி ஒரு கிலோ கத்தரிக்காய் வாங்கிக்கொண்டு வந்தாள். பார்க்கிறேன் என்று சொல்லிவிட்டு வந்தாள். கத்தரிக்காயை அன்றைக்கு அவளால் சாப்பிட முடியவில்லை.

திரைக்குப் பக்கத்தில் புதிதாக ஒரு அட்டை தொங்கியது. பணியாளர்கள் நோயாளிகளிடம் தேவையற்ற கேள்விகள் கேட்க மாட்டார்கள், குறை இருந்தால் தெரிவிக்கவும், கீழே ஒரு போன் நம்பர். அவள் கடுதாசிக்குக் கிடைத்த பதில்தான் அது. உட்கார்ந்ததிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறாள், திரைக்குப் பின்னாலிருந்து பேர், வயசு, கையை நீட்டுங்க, மூடுங்க, பஞ்சை அமுக்கிப் பிடிங்க, இதைத் தவிர ஒரு சொல் வரவில்லை. முன்பெல்லாம் சளசளவென்று பேசும் பிள்ளை. வெளியே நீட்டின கையெல்லாம் உள்ளே இழுத்துக்கொண்டாயிற்று. எண் முப்பத்தேழு. பச்சைப் புடவைக்காரி எழுந்தாள், சீட்டைத் தேடிக் கைப்பையைத் திறந்தாள், ஒரு சீப்பு, ஒரு பேருந்து டிக்கெட், கைக்குட்டை, அதற்குக் கீழே ஆரஞ்சு மூடி. அதே மூடி. வசந்தாமணி அவள் தலையைப் பார்த்தாள், பூ வைத்து மறைத்த வகிடு. வாய் திறந்தது. இதைச் சொல்லுங்க உள்ளே, இதைச் சாப்பிட்டுட்டு ரத்தம் கொடுக்காதீங்க. பத்து வார்த்தைகூட இல்லை. சொன்னால், உங்களுக்கு எப்படிங்க தெரியும் என்பாள், சென்னியப்பன் பேப்பரைத் தாழ்த்துவார். பச்சைப் புடவை திரைக்குள் போய்விட்டது. பேர் சொன்னாள், வயசு சொன்னாள். கையை நீட்டுங்க, மூடுங்க. வசந்தாமணி காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தாள், இவளிடமாவது கேள் கண்ணு, இவள் யாரோதானே, இவளிடம் கேளேன். பஞ்சை அமுக்கிப் பிடிங்க. அந்தப் பெண் முழங்கையை மடித்துக்கொண்டு வெளியே வந்து, இவளைப் பார்த்துச் சிரித்து, "வலிக்கவே இல்லீங்க" என்றாள். வசந்தாமணி அந்தச் சிரிப்புக்குத் திரும்பச் சிரிக்கக்கூடச் செய்தாள். அந்த நிமிஷத்தில் தன்னைப்போல் கேவலமான ஒரு ஜென்மத்தை அவள் பார்த்ததில்லை.

முப்பத்தெட்டு. உள்ளே பினாயில் வாசம். கோகிலவாணி நிமிர்ந்து பார்த்தாள், ஒரு நொடி, உடனே சீட்டுக்குக் குனிந்துகொண்டாள். "பேருங்க?" தெரிந்த பேரையே கேட்கிறாள். "வசந்தாமணி." "வயசுங்க?" "நாற்பத்தெட்டு." "கையை நீட்டுங்க." மிஸ் என்ற சொல் எங்கேயும் இல்லை. ரப்பர் பட்டை இறுகியது. "இன்னொரு கேள்வி இருக்குதே கண்ணு," என்றாள் வசந்தாமணி, "அதைக் கேளு." கோகிலவாணி நரம்பைத் தடவிக்கொண்டே, கோபமில்லாமல், "அதெல்லாம் கேட்கக் கூடாதுன்னு சொல்லிட்டாங்க மிஸ்" என்றாள். வந்துவிட்டது அந்த மிஸ், வந்த இடம்தான் இப்படி. வசந்தாமணி வலது கையை நீட்டித் திரையை இழுத்தாள், வளையங்கள் கிரீச்சென்று ஓடின. நாற்காலிகளில் பன்னிரண்டு பேர். டிரில் மாஸ்டர் இல்லை, இருந்திருக்கலாம் என்று தோன்றியது. கைப்பையைத் திறந்து புட்டியை எடுத்து ஊசித் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தாள், குரலைக் கூட்டினாள், தடித்த குரல், இழுக்கிற குரல், இருந்தாலும் கடைசி பெஞ்சு வரை போகிற குரல். "நான் முடி மாத்திரை சாப்பிடறேன். ஒன்பது மாசமா. இந்தப் பிள்ளை தை மாசமே கேட்டா. நான் பொய் சொல்லித் திட்டிட்டேன். புகார்க் கடுதாசி நாங்க எழுதினது, அதுல இருக்கறது அத்தனையும் பொய். மேனேஜர்கிட்ட இப்பவே போய்ச் சொல்றேன்." சென்னியப்பனின் பேப்பர் தாழ்ந்தது. "அம்மிணி, என்ன பேசறே நீ?" என்றார். அவள் அவரைப் பார்க்கவில்லை. காது சுட்டது, கழுத்து சுட்டது, மூன்று மாசத்தில் முதல்முறையாக உடம்பில் சூடு. இன்னும் ஒன்று பாக்கி இருந்தது, அதுதான் எல்லாவற்றிலும் கஷ்டமாக இருந்தது. அதை மெதுவாகத்தான் சொல்ல முடிந்தது. "எனக்கு முன்னாடி வந்தாங்களே, பச்சைப் புடவை. அவங்க பையிலயும் இது இருக்குது. பார்த்துட்டே பேசாம இருந்துட்டேன்."

கோகிலவாணி பரவாயில்லை மிஸ் என்று சொல்லவில்லை, சொல்லியிருந்தால் வசந்தாமணியால் அதைத் தாங்கியிருக்க முடியாது. புட்டியைத் திருப்பி, பத்தாயிரம் என்று போட்டிருந்ததைப் படித்தாள். ரப்பர் பட்டையை அவிழ்த்தாள். "மூணு நாள் நிறுத்திட்டு வாங்க, டாக்டர்கிட்டயும் சொல்லிடுங்க" என்றாள். ஊசியை அப்படியே தட்டில் வைத்துவிட்டு, அந்த அட்டையைத் தாண்டி, கூடத்தைத் தாண்டி, வெள்ளைச் செருப்பு சத்தம்போட வாசலுக்கு ஓடினாள். கண்ணாடிக் கதவைத் தள்ளித் திறந்துகொண்டு, தெருவைப் பார்த்து, எல்லோருக்கும் கேட்கிறமாதிரி கூப்பிட்டாள். "அக்கா, முப்பத்தேழாம் நம்பர் அக்கா, போயிறாதீங்க. உங்ககிட்ட ஒண்ணு கேட்கணும்."